எங்கள் அப்பாயி வாங்கிய பாணைத் திருப்பிக் கொடுங்கள்

ஞாபகத்தை ஒரு தலையிலிருந்து இன்னொரு தலைக்கு ஏற்றுகிற கதையை டெலிபிலிமாக எடுத்து ஒளிபரப்பிய தொலைக்காட்சியின் நிகழ்ச்சிப் பொறுப்பாளர் அவர்களுக்கும், அதன் இயக்குநருக்கும், கதை எழுதியவருக்கும்,

உங்கள் படத்தில் கோச்சிக்குப் பின்னால் ஒரு பெண் ஓடுகிறாள். ஒரே பனிமூட்டம். அவள் கையில் ஒரு வெள்ளை ரோஜா. கோச்சி வளைவில் மறைகிறது, பூ தண்டவாளத்தில் விழுகிறது. பார்த்தவர்கள் எல்லோரும் அழுத இடம் அதுதான் என்று நீங்களே விளம்பரத்தில் போடுகிறீர்கள். அந்தப் பெண் என் அப்பாயி. அவர் ஓடியது 1974இல், ஹட்டன் ஸ்டேசனில். கையில் இருந்தது அரை றாத்தல் பாண் (பிரெட்).

இந்தத் தீபாவளிக்கு அதே படத்தை மறுபடி போடப்போவதாக ஒரு கிழமையாக விளம்பரம் ஓடுகிறது. நான்கு தடவை தொலைபேசியில் கேட்டேன், பதிவுத் தபாலில் எழுதினேன், பதில் இல்லை. அதனால் எல்லோர் முன்னாலும் கேட்கிறேன்.

சென்ற வருடம் மழை விட்டிருந்த ஒரு கிழமையில் உங்கள் ஆட்கள் நால்வர் பொகவந்தலாவைப் பக்கம் எங்கள் லயத்துக்கு, தோட்டத்து வரிசை வீடுகளுக்கு, வந்தார்கள். எதிர்காலக் கதை ஒன்று எடுக்கிறோம், அதில் ஒரு தோட்டத்து அம்மாவின் ஞாபகங்கள் வருகின்றன, உண்மையான ஞாபகங்கள் வேண்டும் என்றார்கள். அப்பாயிக்கு அப்போது 83 வயது. இஸ்தோப்பில் பாயை விரித்து, சுவரோடு சாய்த்து உட்காரவைத்து, முந்தானையில் சின்ன மைக்கைக் குத்தி, மூன்று நாள் காலையிலிருந்து மத்தியானம் வரை பேசவைத்தார்கள். நான் பாடசாலைக்கு லீவு போட்டுவிட்டுப் பக்கத்திலேயே இருந்தேன். வந்த பிள்ளைகளைப் பற்றி ஒரு குறையும் சொல்ல மாட்டேன். இரண்டாம் நாள் அப்பாயிக்கு இருமல் முட்டியபோது அந்தக் கமராத் தம்பிதான் குசினிக்குள் ஓடிப்போய்ச் சுடுதண்ணீர் வைத்துக் கொண்டுவந்தது.

மூன்றாம் நாள் அப்பாயி சொன்னதை இங்கே எழுதுகிறேன். அது உங்களிடம் குரலோடும் முகத்தோடும் இருக்கிறது. ஆனால் முழுதாகக் கேட்டவருக்கு அதை அப்படி மாற்ற மனம் வந்திருக்காது என்றே நினைக்கிறேன்.

அப்பாயியும் அவருடைய அக்காவும் ஒரே லயத்தில் அடுத்தடுத்த காம்பராவில் வாழ்க்கைப்பட்டவர்கள். ஒரே மலையில் கொழுந்து எடுத்தார்கள், ஒரே பீலியில் தண்ணீர் பிடித்தார்கள். 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் வந்தபோது இரண்டு பேரும் சிறுபிள்ளைகள். அவர்களுக்கு எந்த நாடும் இல்லாமல் போனது அப்போதுதான். அப்புறம் 1964 ஒக்டோபர் 30ஆம் திகதி இலங்கைப் பிரதமரும் இந்தியப் பிரதமரும் போட்ட சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம். எங்களைப் போன்ற இந்திய வம்சாவளியினரில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இங்கே, மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று எழுதினார்கள். அந்த மிச்சத்தையும் 1974இல் ஆளுக்குப் பாதி என்று பிரித்துக்கொண்டார்கள். மனிதரை இப்படித் தொகை தொகையாகப் பிரித்தபோது அக்காவின் புருசன் இந்தியாவுக்கு மனுப்போட்டார், எங்கள் தாத்தா இலங்கைக்குப் போட்டார். நடுவில் ஒரு பலகைச் சுவர் மட்டும் இருந்த இரண்டு காம்பராக்கள் இரண்டு நாடாகிவிட்டன.

அக்கா குடும்பம் புறப்பட்ட நாளில் அப்பாயியும் ஹட்டன் வரை போனார். அங்கிருந்து கோச்சி, தலைமன்னாரில் கப்பல், அப்புறம் இராமேஸ்வரம். தகரப் பெட்டி, இரண்டு பாய்ச்சுருள், கயிற்றில் கட்டிய பாத்திரங்கள். அக்காவின் மகனுக்கு 5 வயது. அவன் பாண் கேட்டு அழுதான். அது பாணுக்கு வரிசை நின்ற காலம். தோட்டங்களில் ஆட்கள் பட்டினி கிடந்து செத்த காலம். முதல் நாள் ராத்திரி எல்லோரும் அவித்த மரவள்ளிக் கிழங்குதான் தின்றிருந்தார்கள். அப்பாயி ஸ்டேசனை விட்டு வெளியே ஓடி, ஒரு கடை வரிசையில் நின்று, முன்னால் நின்றவர்களிடம் கெஞ்சி, அரை றாத்தல் வாங்கிக்கொண்டு திரும்பி ஓடி வந்தார். கோச்சி நகர்ந்துவிட்டது. அக்கா ஜன்னலால் கையை நீட்டியிருக்கிறார். எட்டவில்லை.

"பாணு கையில இருந்துச்சு. சூடு கூட ஆறல. கோச்சி போயிருச்சு. அத வீட்டுக்குக் கொண்டாந்தேன், எம்புள்ளைக தின்னுச்சுக. நான் திங்கல."

இதைச் சொல்லிவிட்டு அப்பாயி வெகுநேரம் வலது கையைத் திறந்து மூடிக்கொண்டிருந்தார். கமரா ஓடிக்கொண்டுதான் இருந்தது.

அக்கா அதற்குப் பிறகு இந்தப் பக்கம் வரவே இல்லை. மண்டபம் முகாமில் கிடந்து, பிறகு கூடலூரில், தாயகம் திரும்பியோருக்கென்று தமிழ்நாட்டு அரசு தொடங்கிய தேயிலைத் தோட்டத்தில் மறுபடி கொழுந்துதான் எடுத்தார். நீல நிறக் கடிதங்கள் கொஞ்ச காலம் வந்தன. அவர் இறந்த செய்தியும் அப்படி ஒரு கடிதத்தில்தான் வந்தது.

இனி உங்கள் படம். எதிர்காலக் கொழும்பில் விபத்தில் ஞாபகம் இழந்த பணக்கார வீட்டுப் பெண்ணுக்கு, மலையகத்து மூதாட்டி ஒருத்தியின் ஞாபகங்களை விலைக்கு வாங்கி ஏற்றுகிறார்கள். கொடுத்தவளின் தலை காலியாகிவிடுகிறது, வாங்கியவள் தன்னுடையதல்லாத துக்கத்தோடு விழிக்கிறாள். நல்ல கதை. எங்கள் லயமும் எங்கள் மலையும் ஒரு விஞ்ஞானக் கதைக்குள் வருவதைப் பார்க்க என் மாணவர்களுக்கு அவ்வளவு சந்தோசம். எனக்கும்தான். மலையகம் என்றால் வெள்ளைக்காரன் காலத்துக் கதை மட்டுந்தான் என்று இருந்ததை நீங்கள் மாற்றினீர்கள். அதற்கு நன்றி சொல்லாமல் விட மாட்டேன்.

ஆனால் அந்த ஞாபகத்துக்குள் என்ன வைத்தீர்கள்? அக்கா காதலன் ஆகிவிட்டார். பாண் ரோஜா ஆகிவிட்டது. ஒப்பந்தம் இல்லை, நாடற்றவர் என்ற சொல் இல்லை, பசி இல்லை. கோச்சி ஏன் போகிறது என்றே படத்தில் யாரும் கேட்கவில்லை. கொழுந்து எடுக்கிற பெண்ணின் இடுப்பில், சேலை நனையாமல் கட்டுகிற படங்கு கூட இல்லை. அப்பாயியாக நடித்தவர் சென்னை சீரியலில் பேசுகிற மாதிரி பேசுகிறார், எங்கள் கோச்சி அவர் வாயில் ரயிலாகிவிட்டது. படம் முடிந்ததும் கறுப்புத் திரையில் ஒரு வரி: இதில் வரும் பாத்திரங்களும் சம்பவங்களும் முற்றிலும் கற்பனையே.

அப்பாயியின் பெயர் எங்கும் இல்லை.

படம் வந்த மறுநாள் பத்தாம் வகுப்பில் ஒரு பிள்ளை எழும்பி, "டீச்சர், நெசமாவே ஞாபகத்த ஊசியில ஏத்தலாமா?" என்று கேட்டாள். உங்கள் படத்தில் வரும் விஞ்ஞானி கடல் நத்தைப் பரிசோதனையைச் சொல்லி, முடியும் என்று அடித்துச் சொல்கிறாரே, அதைக் கேட்டுவிட்டு வந்த கேள்வி. அன்றைய பாடத்தை ஒதுக்கிவிட்டு அதையே பேசினோம். 1962இல் மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் மக்கோனல் என்பவர், வெளிச்சத்துக்குச் சுருங்கப் பழக்கிய தட்டைப்புழுக்களை அரிந்து பழகாத புழுக்களுக்குத் தின்னக் கொடுத்தார். தின்ற புழுக்களுக்கும் அந்தப் பழக்கம் வந்துவிட்டதாக எழுதினார். மற்ற ஆய்வுகூடங்களில் செய்துபார்த்தபோது அது நம்பும்படி திரும்ப வரவில்லை. 2018இல் லொஸ் ஏஞ்சலிஸ் கலிபோர்னியா பல்கலைக்கழகத்தில் கிளான்ஸ்மன் குழு செய்ததுதான் உங்கள் படத்தில் வருவது. கடல் நத்தைகளின் வாலில் இலேசாக மின்சாரம் பாய்ச்சினார்கள். அதிர்ச்சி வாங்கிய நத்தையைத் தொட்டால் அது கிட்டத்தட்ட 50 செக்கன் சுருங்கிக் கிடக்கும், வாங்காத நத்தை ஒரு செக்கனில் சரியாகிவிடும். அதிர்ச்சி வாங்கியவற்றின் நரம்புக் கலங்களிலிருந்து ஆர்.என்.ஏ. என்ற மூலக்கூறை எடுத்து, ஒன்றுமே அறியாத 7 நத்தைகளுக்கு ஊசியால் ஏற்றினார்கள். அவையும் 40 செக்கன் அளவுக்குச் சுருங்கின.

அந்த 7 நத்தைகளுக்குள் என்ன போனது என்று பிள்ளைகளிடம் கேட்டேன். பின்வரிசைப் பையன் ஒருவன் சொன்னான்: "பயம் போயிருச்சு டீச்சர். கரண்டு அடிச்சது போகல."

சேர், உங்கள் படத்தைப் பற்றி நான் சொல்ல வருவதும் அதுதான். யார் அடித்தது, எங்கே அடித்தது, எதற்கு அடித்தது என்பது எதுவும் அந்த நத்தைகளுக்குத் தெரியாது. வெறும் சுருக்கம்தான் போய்ச் சேர்ந்தது. நீங்களும் எங்கள் அழுகையை மட்டும் எடுத்து நாடு முழுக்க ஏற்றினீர்கள். கொழும்பில், யாழ்ப்பாணத்தில், மட்டக்களப்பில் எத்தனையோ வீடுகளில் அந்தக் கோச்சியைப் பார்த்துக் கண் கலங்கியிருப்பார்கள். ஐந்து இலட்சம் பேரைக் கப்பலேற்ற இரண்டு அரசாங்கங்கள் கையெழுத்துப் போட்டன என்பதை அவர்களில் ஒருவருக்கும் உங்கள் படம் சொல்லவில்லை.

இவ்வளவுதான் என்றால் ஒரு கடிதத்தோடு நின்றிருப்பேன். கலைஞர்களுக்கு மாற்றி எழுத உரிமை உண்டு என்று நீங்கள் சொல்லியிருந்தால் வாதாடிவிட்டுப் பேசாமல் இருந்திருப்பேன்.

படம் முதல் தடவை வந்த இரவு எங்கள் காம்பராவில் பத்துப் பன்னிரண்டு பேர் கூடியிருந்தார்கள். அப்பாயியை முன்னால் உட்காரவைத்திருந்தோம். கோச்சிக் காட்சி வந்தபோது அவர் அழவில்லை. என் பக்கம் திரும்பி, "பூவு யாரு குடுத்தா? பாணுல்ல அது" என்றார். நான் படத்துக்காக மாற்றியிருக்கிறார்கள் அப்பாயி என்றேன். சரி என்று தலையாட்டினார்.

இரண்டு மாதம் கழித்து அவருக்குப் பாரிசவாதம் வந்தது. இடது பக்கம் கொஞ்சம் இழுத்துவிட்டது, ஆஸ்பத்திரியில் ஒன்பது நாள் இருந்து வந்தார். பேச்சு திரும்பிவிட்டது. ஞாபகம்தான் அறுந்து அறுந்து வருகிறது. லயத்துப் பிள்ளைகள் அப்பாயியைச் சந்தோசப்படுத்துகிறோம் என்று போனில் அந்தக் காட்சியைத் திரும்பத் திரும்பப் போட்டுக் காட்டினார்கள். பாசத்தில் செய்தது, அவர்களைக் கோபிக்க முடியாது. போன மாதம் ஒரு பின்னேரம், நான் தலை சீவிவிட்டுக்கொண்டிருந்தேன். அவராகவே அக்காவைப் பற்றித் தொடங்கினார். பெட்டி, பாய், பையன் அழுதது, எல்லாம் வரிசையாக வந்தது. அப்புறம் சொன்னார்:

"ரோசாப்பூ கையில இருந்துச்சு. கோச்சி போயிருச்சு."

சீப்பு கையோடு நின்றுவிட்டது. பாண் வாங்கினீர்களே அப்பாயி என்றேன். "பாணா? இல்லையே. வெள்ள ரோசா" என்றார். வலது கை திறந்து மூடவில்லை, சும்மா மடியில் கிடந்தது.

நோயும் வயதும் காரணமில்லை என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் நல்ல சுகத்தோடு இருக்கிற இளம் மூளைக்கும் இது நடக்கும் என்பது எப்போதோ நிரூபிக்கப்பட்டது. லொப்டஸ், பாமர் என்ற இரண்டு உளவியலாளர்கள் வாகன விபத்துப் படம் ஒன்றைச் சிலருக்குக் காட்டினார்கள். 50 பேரிடம் "வாகனங்கள் இடித்தபோது என்ன வேகம்?" என்று கேட்டார்கள், வேறு 50 பேரிடம் "வாகனங்கள் மோதி நொறுங்கியபோது என்ன வேகம்?" என்று கேட்டார்கள். ஒரு கிழமை கழித்து, உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று கேட்டபோது, இடித்தது என்று கேட்கப்பட்ட 50 பேரில் 7 பேர் பார்த்தோம் என்றார்கள், நொறுங்கியது என்று கேட்கப்பட்ட 50 பேரில் 16 பேர். படத்தில் உடைந்த கண்ணாடியே கிடையாது. ஒரு சொல் போதுமாக இருந்தது. அந்த ஆய்வு வெளியானதும் 1974இல்தான். அப்பாயி பாணோடு ஓடிய அதே வருடம் என்பதை நான் தற்செயல் என்றுதான் எடுத்துக்கொள்கிறேன், ஆனால் மனதிலிருந்து போகவில்லை.

உங்கள் கதையில் ஒரு கிழவியின் ஞாபகத்தை எடுத்து வேறொருத்திக்கு ஏற்றினார்கள். இங்கே நீங்கள் புனைந்த ஞாபகம் ஒரு கிழவியின் தலைக்குள் ஏறி, ஐம்பது வருடம் அவர் கையில் வைத்திருந்த பாணைத் தூக்கி எறிந்துவிட்டது.

கூடலூரில் இருக்கிற பெரியப்பா, அன்றைக்குப் பாண் கேட்டு அழுத பையன், வட்ஸப்பில் அந்தக் காட்சியைப் பார்த்துவிட்டு எனக்குக் கோல் எடுத்தார். "சின்னம்மா பேப்பர்ல சுத்தின பாணோட ஓடி வந்துச்சு. ஜன்னல்ல பாத்தது நான்தானே" என்றார். அவரும் பேத்தி கண்டுவிட்டார். இதைக் கண்ணால் கண்டு சொல்ல இனி அவர் ஒருவர்தான்.

உங்கள் காரியாலயத்தில் எனக்குக் கிடைத்த பதில்களையும் சொல்லிவிடுகிறேன். முதல் தடவை வேறு பிரிவுக்கு மாற்றினார்கள், அங்கே யாரும் எடுக்கவில்லை. இரண்டாம் தடவை, எழுத்தில் அனுப்புங்கள் என்றார்கள். அனுப்பினேன். மூன்றாம் தடவை, பழைய பதிவுகளை அழித்துவிட்டு டிஸ்க்கை வேறு வேலைக்கு எடுத்திருப்பார்கள் என்றார் ஒருவர். நான்காம் தடவை பேசியவர், உங்கள் பாட்டி கையெழுத்துப் போட்டிருக்கிறாரே என்றார். போட்டார்தான். இரண்டு பக்கம், முழுக்க இங்கிலீசில். மூன்றாம் நாள் சாமான் எல்லாம் கட்டிய பிறகு நீட்டினார்கள், எங்களுக்கு ஒரு பிரதி தரவில்லை. அப்பாயிக்கு 5,000 ரூபாய் உறையில் வைத்துக் கொடுத்தார்கள். படித்த நான் பக்கத்தில் இருந்தும் ஒவ்வொரு வரியாக வாசித்துச் சொல்லவில்லை. அது என் பிழை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் பதிவைப் பாவிக்கத்தான் அவர் சம்மதித்தார். தனக்கு நடந்ததைக் கற்பனை என்று எழுத அவர் சம்மதிக்கவில்லை.

எனக்கு வேண்டியவை இவை.

முதலில் அந்த மூன்று நாள் பதிவு. வெட்டாமல், சேர்க்காமல், இசை போடாமல், உங்கள் கமராத் தம்பி எடுத்தது எடுத்தபடி ஒரு பிரதி வேண்டும். அழித்துவிட்டீர்கள் என்றால் எப்போது, யார் சொல்லி அழித்தீர்கள் என்று எழுத்தில் தாருங்கள். மற்ற எதையும்விட இதுதான் அவசரம்.

தீபாவளிக்கு இந்தப் படத்தை இப்போது இருக்கிறபடி போடாதீர்கள். அந்தக் காட்சியைத் திரும்ப எடுக்கக் காசும் நாளும் இல்லை என்றால், கோச்சி ஓடட்டும், அதன் மேல் அப்பாயியின் சொந்தக் குரலைப் போடுங்கள். பாணைப் பற்றிச் சொல்கிற அந்த இரண்டு நிமிடம் போதும். கோச்சி ஏன் போனது என்பதை 1964 ஒப்பந்தத்தின் பெயரையும் தொகையையும் போட்டு இரண்டு வரியில் எழுதிக் காட்டுங்கள். கடைசியில் வருகிற கற்பனை என்ற வரியை எடுத்துவிட்டு, இந்தக் காட்சி உண்மையில் நடந்தது என்று எழுதுங்கள். அப்பாயியின் பெயரையும் போடுங்கள். என்ன எழுத்தில் எழுதுவது என்று நான் சொல்லித் தருகிறேன்.

இனிமேல் எந்தத் தோட்டத்துக்கு எந்தக் கதைக்காகப் போனாலும் சம்மதப் பத்திரத்தைத் தமிழில் கொண்டுபோங்கள், பேச உட்காரும் முன்னால் வாசித்துக் காட்டுங்கள், ஒரு பிரதியை அந்த வீட்டில் விட்டுவிட்டு வாருங்கள். ஒளிபரப்புவதற்கு முன் கதை கொடுத்தவருக்கு ஒரு தடவை போட்டுக் காட்டுங்கள். அன்றைக்கே காட்டியிருந்தால் அப்பாயி "பூவு யாரு குடுத்தா" என்று உங்களிடமே கேட்டிருப்பார்.

பதிலைத் தீபாவளிக்கு முன் தமிழில் எழுதுங்கள். பதிவைத் தபாலில் அனுப்ப வேண்டாம், தொலைந்துபோனால் இன்னொன்று இல்லை. ஒரு நாளைச் சொன்னால் இரவு பஸ்ஸில் ஏறி நானே கொழும்புக்கு வந்து வாங்கிக்கொள்கிறேன். அப்பாயிக்குக் காலையில் பத்து மணி வரைக்கும்தான் தெளிவாக இருக்கிறது. அதற்குள் ஒரு நாளைக்காவது அவருடைய குரலை அவருக்குப் போட்டுக் காட்ட வேண்டும்.

இப்படிக்கு,
விஞ்ஞான ஆசிரியை, அந்த அப்பாயியின் பேத்தி,
பொகவந்தலாவை